எதிர்வீட்டில் லைட் இருக்கிறதா?

கொழும்பின் வெள்ளவத்தையில் இரவு நேரம் கரண்ட் போனால் நாங்கள் எல்லோரும் முதலில் பல்கனிக்குத்தான் வருவோம். எதிர்வீட்டைப் பார்ப்போம். அங்கேயும் இருட்டென்றால் மனம் கொஞ்சம் ஆறிவிடும். எல்லா இடமும் போய்விட்டது, வரும்போது வரட்டும் என்று உள்ளே வந்து மெழுகுதிரி தேடலாம். எதிர்வீட்டில் எரிகிறது, பக்கத்து வீட்டில் இல்லை, அதற்கு அடுத்த வீட்டில் எரிகிறது என்றால்தான் குழப்பம். ஒரே ஒழுங்கை, ஒரே கம்பம், ஒரே வயர்க்கட்டு. பிறகு ஏன் எங்களுக்கு மட்டும்?

வீதியில் ஓடும் மின்சாரம் மூன்று ஃபேஸ்களாக, அதாவது மூன்று தனி வயர்களில், வருகிறது. ஒவ்வொரு ஃபேசுக்கும் நியூட்ரலுக்கும் இடையே 230 வோல்ட், இரண்டு ஃபேஸ்களுக்கு இடையே 400 வோல்ட். ஒரு ஃபேசில் மட்டும் பாரம் குவிந்துவிடாமல் இருக்க வீடுகளை மூன்றுக்கும் பிரித்துப் பிரித்து இணைத்திருப்பார்கள். ட்ரான்ஸ்போமருக்குக் கீழே ஒவ்வொரு ஃபேசுக்கும் தனித்தனிப் பியூஸ் இருக்கும். மழையில் நனைந்த கிளை ஒன்று ஒரு வயரில் சாய்ந்து அந்த ஒரு பியூஸ் எரிந்தால், ஒழுங்கையில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு வீடுகள்தான் இருளும். மற்ற வீடுகளில் தொலைக்காட்சி நாடகம் தடையில்லாமல் ஓடும்.

இருட்டு இப்படி ஒழுங்கையின் ஒரு பகுதிக்கு மட்டும் வந்து நிற்பது தற்செயல் அல்ல. எங்கே பழுது வந்தால் எதை வெட்டுவது, எத்தனை நொடியில் வெட்டுவது, எந்த வீடுகளை மட்டும் இருளவிடுவது என்று யாரோ முன்கூட்டியே கணக்குப் போட்டு வைத்திருக்கிறார்கள். மின்விநியோகப் பாதுகாப்பு என்ற துறை முழுவதும் இந்தக் கணக்குத்தான். கட்டடங்களுக்கான மின்வேலையில் பல வருடங்களாக இருப்பவன் என்ற முறையில், இதைப் பற்றித் தமிழில் விரிவாக எழுத வேண்டும் என்று நெடுநாள் ஆசை. கரண்ட் போகும்போது கோபப்படுவதற்கு எங்களுக்கு உரிமை உண்டு. ஆனால் அது ஏன் போனது, போகாமல் இருந்திருந்தால் என்ன நடந்திருக்கும் என்பதையும் தெரிந்து வைத்திருப்பது நல்லது.

முதலில் அளவைப் பார்ப்போம். நகரத்தில் சாதாரணமாகக் காணும் 250 கேவிஏ ட்ரான்ஸ்போமர் ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். முழுப் பாரத்தில் அதன் 400 வோல்ட் பக்கத்தில் ஒவ்வொரு ஃபேசிலும் ஏறக்குறைய 360 அம்பியர் ஓடும். அதன் வாயிலேயே மூன்று வயர்களும் ஒன்றோடொன்று முட்டினால் 9,000 அம்பியர் அளவுக்கு ஏறும். அதாவது 25 மடங்கு. வயரில் பிறக்கும் சூடோ மின்னோட்டத்தின் வர்க்கத்தோடு கூடுவது. மின்னோட்டம் 25 மடங்கானால் சூடு 625 மடங்கு. செம்பு உருகும், உறை எரியும், ட்ரான்ஸ்போமரின் எண்ணெய் தீப்பிடிக்கும். இதைத் தடுக்க நாங்கள் ஓடிப்போய் சுவிட்சை நிறுத்த நேரமே இருக்காது. வேலை ஒரு நொடிக்குள், பல இடங்களில் அதில் பத்தில் ஒரு பங்குக்குள், தானாக முடிந்துவிட வேண்டும்.

இதைச் செய்யும் மிகப் பழைய கருவி பியூஸ். எடிசன் காலத்திலிருந்து அதன் தத்துவம் மாறவில்லை: சங்கிலியின் பலவீனமான கண்ணியை நாமே வேண்டுமென்று ஓர் இடத்தில் வைக்கிறோம், உடைந்தால் அங்கேதான் உடைய வேண்டும். கொழும்புக்கு வெளியே கம்பங்களில் ஓடும் 11, 33 கிலோவோல்ட் லைன்களில் ட்ரான்ஸ்போமருக்கு மேலே சாய்வாக மூன்று குழாய்கள் தொங்குவதைப் பார்த்திருப்பீர்கள். மின்சார சபை ஆட்கள் அதை டீடீஎல்ஓ என்பார்கள். உள்ளே உள்ள பியூஸ் எரிந்ததும் குழாய் தன் பிடியை விட்டுக் கீழே விழுந்து தொங்கும். எந்த ஃபேஸ் போனது என்று கீழே நின்றே தெரிந்துகொள்ளலாம். நீண்ட கோலால் தூக்கி மறுபடி மாட்டுவார்கள். மழை இரவில் 'டமார்' என்று கேட்டு ஊரே இருண்டால், பல நேரம் வெடித்தது ட்ரான்ஸ்போமர் அல்ல, அதைக் காப்பாற்றிய இந்தப் பியூஸ்தான்.

பியூசில் ஒரு குறை உண்டு. அதற்குச் சொல்லிக் கொடுக்க முடியாது. 'இவ்வளவு ஓடினால் பொறு, இவ்வளவு ஓடினால் உடனே வெட்டு, நிலத்துக்கு ஒழுகினால் வேறு கணக்கு' என்று கட்டளை வைக்க வேண்டுமானால் ரிலே வேண்டும்.

ரிலே தானாக எதையும் வெட்டுவதில்லை என்பது பலருக்குத் தெரியாது. அது பார்ப்பதும் தீர்மானிப்பதும் மட்டும். வெட்டுவது பிரேக்கர். 11 கிலோவோல்ட் லைனை ரிலேயோடு நேரடியாக இணைக்க முடியாது. அதனால் சி.டி. என்ற சிறிய மின்மாற்றி வயரைச் சுற்றி உட்கார்ந்து, ஓடும் மின்னோட்டத்தை ஒரு விகிதத்தில் சுருக்கிக் காட்டும். '400க்கு 5' என்று எழுதியிருந்தால், லைனில் 400 அம்பியர் ஓடும்போது ரிலேக்கு 5 அம்பியர் போகும். அளவு மீறினால் ரிலே பிரேக்கரின் சுருளுக்கு ஆணை அனுப்பும், பிரேக்கர் திறக்கும். இன்றைய 11 கிலோவோல்ட் பிரேக்கர்கள் பெரும்பாலும் வெற்றிடக் குடுவைக்குள் தொடர்பைப் பிரிக்கின்றன. காற்றே இல்லாத இடத்தில் தீப்பொறி நிலைத்து நிற்க முடியாது. ரிலே கண்டுபிடித்து பிரேக்கர் பிரிந்து முடிய ஒரு நொடியில் பத்தில் ஒரு பங்கு போதும்.

இந்தச் சங்கிலியில் யாரும் பேசாத ஓர் உறுப்பு பற்றரி. பழுது வந்த அந்தக் கணத்தில் லைனின் வோல்ட்டேஜ் விழுந்துவிடும். எனவே பிரேக்கரைத் திறக்கும் சக்தியை அதே லைனிலிருந்து எடுப்பதை நம்ப முடியாது. உபமின்நிலையங்களில் ஓர் அறை முழுக்க, பெரும்பாலும் 110 வோல்ட் தரும் பற்றரி வரிசை இருப்பது இதற்காகத்தான். எத்தனை விலை உயர்ந்த ரிலே வாங்கினாலும் பற்றரி செத்திருந்தால் அது வாயைத் திறந்து கத்தும், கைதான் எழாது. பெரிய கட்டடங்களில் மின்அறையைப் பார்க்கப் போகும்போது ரிலேயின் திரையைப் பார்ப்பதற்கு முன் பற்றரியைப் பார்ப்பது எனக்குப் பழக்கமாகிவிட்டது.

சரி, இப்போது மையமான கேள்வி. வெள்ளவத்தையில் ஒரு வீட்டில் இஸ்திரிப்பெட்டியின் வயர் ஷோட் ஆகிறது. அந்த மின்னோட்டம் வீட்டு பிரேக்கர் வழியாக, மீட்டருக்கு முன்னுள்ள பியூஸ் வழியாக, ட்ரான்ஸ்போமர் வழியாக, ட்ரான்ஸ்போமர்களுக்கு ஊட்டும் ஃபீடர் என்ற 11 கிலோவோல்ட் லைன் வழியாக, எங்கோ தொலைவில் உள்ள மின்நிலையம் வரைக்கும் இழுக்கப்படுகிறது. வழியில் உள்ள எல்லாப் பாதுகாப்புக் கருவிகளும் அதை ஏதோ ஓர் அளவில் உணர்கின்றன. எல்லாமே ஒரே நேரத்தில் வெட்டினால் ஓர் இஸ்திரிப்பெட்டிக்காகப் பம்பலப்பிட்டி வரை இருள வேண்டும். எனவே பழுதுக்கு மிக அருகில் இருப்பது முதலில் வெட்ட வேண்டும். அதற்கு மேலே உள்ளது கொஞ்சம் பொறுக்க வேண்டும், அதற்கும் மேலே உள்ளது இன்னும் கொஞ்சம். கீழே உள்ளது தன் வேலையைச் செய்யத் தவறினால் மட்டும் மேலே உள்ளது கையை நீட்டும்.

இந்தப் பொறுமையை ரிலேக்குள் வைப்பதற்கு ஒரு வளைகோடு உண்டு. மின்னோட்டம் கூடக்கூடக் காத்திருக்கும் நேரம் குறையும். உலகெங்கும் அதிகம் பயன்படும் வளைகோட்டில், வைத்த அளவின் இரண்டு மடங்கு ஓடினால் ரிலே 10 நொடி பொறுக்கும், ஐந்து மடங்குக்கு 4.3 நொடி, பத்து மடங்குக்கு 3 நொடி. ரிலேயில் நேரப் பெருக்கி என்ற ஓர் அமைப்பு உண்டு; அதைப் பத்தில் ஒன்றாக வைத்தால் இவை எல்லாம் பத்தில் ஒன்றாகச் சுருங்கும். அதாவது 1 நொடி, 0.43 நொடி, 0.3 நொடி. ஒரு ரிலேக்கும் அதற்கு மேலுள்ள ரிலேக்கும் இடையே 0.3, 0.4 நொடி இடைவெளி விடுவது வழக்கம். கீழுள்ள பிரேக்கர் பிரிந்து, தீப்பொறி அணைந்து, அளவீட்டுப் பிழைக்கும் இடம் விட்டு, அப்புறம்தான் மேலுள்ளவர் யோசிக்கலாம். பழைய ரிலேக்களில் ஓர் அலுமினியத் தட்டு கண்ணாடிக்குப் பின்னால் மெல்லச் சுழன்று இந்த நேரத்தை எண்ணும். மீட்டர் தட்டுச் சுற்றியதைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு அது உடனே புரியும். இன்று அதையே ஒரு சிறிய கணினி செய்கிறது. நடந்ததைப் பதிந்தும் வைக்கிறது.

ஆனால் இந்த முறையில் ஒரு முரண் இருக்கிறது. மேலே போகப் போகப் பழுதின் வேகமும் நாசமும் அதிகம். மேலே போகப் போகப் பொறுக்கும் நேரமும் அதிகம்! வீட்டில் வரும் பழுதைவிட உபமின்நிலையத்துக்குள் வரும் பழுது பல மடங்கு பயங்கரமானது. அதற்குப் போய் ஒரு நொடி, இரண்டு நொடி என்று காத்திருப்பதா?

இதற்குக் கண்டுபிடித்த வழிதான் எனக்கு இந்தத் துறையிலேயே மிகவும் பிடித்தது. கோயில் மண்டபத்துக்கு இரண்டு வாசல் என்று வையுங்கள். ஒரு வாசலில் நிற்பவர் உள்ளே போகிறவர்களை எண்ணுகிறார், மற்ற வாசலில் நிற்பவர் வெளியே வருகிறவர்களை எண்ணுகிறார். கணக்கு ஒத்தால் உள்ளே யாரும் தங்கவில்லை. பெரிய ட்ரான்ஸ்போமரின் இரு பக்கமும் சி.டி. வைத்து இதையே செய்கிறார்கள். உள்ளே போன மின்னோட்டமும் வெளியே வந்ததும், விகிதக் கணக்குப்படி சமமாக இருக்க வேண்டும். வெளியே எங்கோ பெரிய பழுது வந்து பல்லாயிரம் அம்பியர் ஊடே பாய்ந்தாலும் கணக்கு ஒத்துத்தான் போகும், ரிலே அசையாது. கணக்கில் வித்தியாசம் வந்தால் பழுது நிச்சயமாக இந்தப் பெட்டிக்குள்தான். யாருக்காகவும் பொறுக்க வேண்டியதில்லை. உடனே வெட்டலாம். இந்த எண்ணிப் பார்க்கும் முறையை ஞாபகத்தில் வைத்திருங்கள். இதே முறை உங்கள் வீட்டுச் சுவரிலும் இருக்கிறது. பிறகு வருகிறேன்.

பெரிய எண்ணெய் ட்ரான்ஸ்போமர்களுக்கு இன்னொரு காவலும் உண்டு, புக்கோல்ஸ் ரிலே. ஜெர்மனியில் 1921இல் மாக்ஸ் புக்கோல்ஸ் கொண்டு வந்தது. மின்சாரத்தையே அது அளப்பதில்லை. உள்ளே சிறு தீப்பொறி விழுந்தாலும் எண்ணெய் பிரிந்து வாயு கிளம்பும். அந்தக் குமிழிகள் மேலே ஏறும் குழாயில் ஒரு மிதவையைத் தாழ்த்தி மணி அடிக்கும். எண்ணெய் சீறிப் பாய்ந்தால் இரண்டாவது மிதவை ட்ரான்ஸ்போமரையே வெட்டிவிடும்.

இனி கொழும்பின் சொந்தக் கதை. நகரத்தின் உள்ளே 11 கிலோவோல்ட் பெரும்பாலும் நிலத்துக்கு அடியில் கேபிளாக ஓடுகிறது. வெளியே போனால் கம்பங்களில் திறந்த வயர். இந்த வித்தியாசம்தான் மின்வெட்டின் சுபாவத்தையே மாற்றுகிறது. ஹோமாகம, அவிசாவளைப் பக்கம் உறவினர் வீட்டுக்குப் போனால் மழைக் காற்றில் கரண்ட் போய், சில நொடியில் வந்து, மறுபடி போய், மறுபடி வருவதைக் காணலாம். யாரோ விளையாடுவது போல இருக்கும். அது ஓட்டோ ரீகுளோசர். திறந்த வயரில் வரும் பழுதுகளில் பெரும்பாலானவை தற்காலிகமானவை: கிளை உரசியது, மின்னல் அடித்தது, வௌவால் பட்டது. ஒரு தடவை வெட்டி, தீப்பொறி அணையச் சில நொடி விட்டு, மறுபடி கொடுத்துப் பார்த்தால் பல நேரம் எல்லாம் சரியாக இருக்கும். மூன்று முறைபோல முயன்றும் பழுது போகவில்லை என்றால் அது பூட்டிக்கொள்ளும், அப்புறம் ஆள் வந்துதான் பார்க்க வேண்டும்.

நிலத்தடிக் கேபிளில் இந்த விளையாட்டு கிடையாது. அங்கே பழுது வந்தால் உறை கிழிந்திருக்கும். தானாக ஆறாது. மறுபடி கொடுத்தால் காயத்தில் கத்தியை இன்னொரு முறை பாய்ச்சுவது போலாகும். அதனால் கொழும்பு நகருக்குள் கரண்ட் அடிக்கடி கண்சிமிட்டுவது குறைவு, ஆனால் போனால் தேடிப் பிடிக்க வேண்டியது அதிகம். நல்ல வேளையாகக் கேபிள்களை வளையம்போல இணைத்து வைத்திருக்கிறார்கள். பழுதான துண்டை இரு பக்கமும் கழற்றிவிட்டு மறுபக்கத்திலிருந்து ஊட்டலாம். கேபிளைத் தோண்டும் முன்னரே வீடுகளுக்கு வெளிச்சம் திரும்பிவிடுவது இப்படித்தான்.

இவ்வளவு நேரம் ரிலேயைப் புகழ்ந்தேன். அதற்குத் தெரியாததையும் சொல்ல வேண்டும், ஏனென்றால் உயிர் போவது அந்த இடத்தில்தான்.

11 கிலோவோல்ட் வயர் ஒன்று அறுந்து வீதியில் விழுகிறது. நிலத்துக்கும் அதற்கும் இடையே 6,350 வோல்ட். பெரும் மின்னோட்டம் பாய்ந்து ரிலே உடனே வெட்டிவிடும் என்று நினைப்போம். ஈரமான மண்ணானால் பெரும்பாலும் அப்படித்தான் நடக்கும். காய்ந்த தார் வீதி, கொங்கிரீட், உலர்ந்த மணல் என்றால் கதை வேறு. அவை மின்சாரத்தைச் சரியாகக் கடத்தாது. சில அம்பியர்கூட ஓடாமல் போகலாம். நூற்றுக்கணக்கான அம்பியர் சாதாரணமாக ஓடும் ஃபீடரில் அது கடலில் விழுந்த உப்புக்கல். ரிலேயின் கண்ணுக்கு லைன் நலமாக இருக்கிறது. வயர் பொறி பறக்காமல் சத்தமில்லாமல் கிடக்கும், உயிரோடு. ரீகுளோசர் உள்ள லைனில் இன்னொரு ஆபத்து: செத்துக் கிடந்த வயர் சில நொடியில் உயிர் பெறலாம். விழுந்த வயரைச் சுற்றியுள்ள நிலத்திலேயே வோல்ட்டேஜ் படிப்படியாகப் பரவியிருக்கும், அகலக் கால் வைத்தால் இரு பாதங்களுக்கும் இடையே அதிர்ச்சி ஏறும். எனவே வயர் அறுந்து கிடந்தால், அதில் கரண்ட் இல்லை என்று யார் சொன்னாலும், பத்து மீற்றருக்கு உள்ளே போகாதீர்கள். பிள்ளைகளையும் நாய் பூனையையும் தடுத்து, மின்சாரப் பழுதுகளுக்கான 1987க்கு அழையுங்கள். கிட்டவே நின்றுவிட்டீர்கள் என்றால் பாதங்களைச் சேர்த்து வைத்து, நிலத்தை விட்டுத் தூக்காமல், சிறிது சிறிதாக இழுத்து விலகுங்கள்.

வெள்ளமும் இப்படித்தான். 2016 மே மாதம் களனி கங்கை பெருகிக் கொலன்னாவை, வெல்லம்பிட்டிப் பக்கம் வீடுகளுக்குள் தண்ணீர் ஏறியபோது கண்ட காட்சிகளை மறக்க முடியாது. வீட்டுக்குள் ப்ளக் உயரத்துக்குத் தண்ணீர் நிற்பதை உபமின்நிலையத்தில் உள்ள ரிலேயால் அறிய முடியாது. வெள்ளப் பகுதிக்கு ஆள் வைத்துக் கரண்டை நிறுத்துவது அதனால்தான். நாங்களும் தண்ணீர் ஏறத் தொடங்கியதும், அதைத் தொடும் முன், மெயினை நிறுத்திவிட வேண்டும்.

நாடே இருண்ட நாட்களைப் பற்றிக் கதைக்காமல் இந்தக் கட்டுரை முடியாது. 2016 மார்ச் 13இல் பியகம உபமின்நிலையத்தில் வந்த பழுது, 2020 ஓகஸ்ட் 17இல் கெரவலப்பிட்டியில் பராமரிப்பு வேலையின்போது நடந்த மனிதத் தவறு, 2025 பெப்ரவரி 9 ஞாயிறு முற்பகலில் பாணந்துறை உபமின்நிலையத்துக்குள் புகுந்த ஒரு குரங்கு. ஒவ்வொன்றும் ஏதோ ஓர் இடத்தில் மட்டும் தொடங்கியது, ஆனால் மூன்றும் இலங்கை முழுவதையும் இருட்டாக்கின. குரங்கைப் பற்றி உலகமே கதைத்தது. எனக்கோ கேள்வி வேறு: ஓர் உபமின்நிலையத்தில் வந்த பழுது அந்த உபமின்நிலையத்தோடு ஏன் நிற்கவில்லை?

விடை 50 என்ற எண்ணில் இருக்கிறது. எங்கள் மின்சாரம் நொடிக்கு 50 முறை ஊசலாடுகிறது. உற்பத்தியும் தேவையும் சமமாக இருக்கும்வரை அது 50. ஒரு பெரிய மின்நிலையம் திடீரென்று விழுந்தால் மிச்சமுள்ள இயந்திரங்கள் பாரம் தாங்காமல் மெதுவாகும், 50 இறங்கும். அதிகம் இறங்கினால் ஒவ்வொரு மின்நிலையமும் தன் சுழலியைக் காப்பாற்ற அதன் ரிலேயால் தன்னைத்தானே வெட்டிக்கொள்ளும். ஒன்று போனால் மற்றதற்குப் பாரம் கூடும், அதுவும் போகும். இதைத் தடுக்க, அதிர்வெண் குறைந்தால் சில ஃபீடர்களைப் படிப்படியாகக் கழற்றிவிடும் ரிலேக்கள் உண்டு. உங்கள் ஒழுங்கையில் ஒரு பழுதும் இல்லாமல் கரண்ட் போனதற்கு இதுவும் ஒரு காரணமாக இருக்கலாம். மற்ற ஊர்களைக் காப்பாற்றப் பலியானது உங்கள் ஊர்.

இந்த ரிலேக்களுக்கும் நேரம் வேண்டும். அந்த நேரத்தைக் கொடுப்பது சுழன்றுகொண்டிருக்கும் கனமான இயந்திரங்களின் உந்தம். குயவரின் கனத்த சக்கரம் கையை எடுத்த பிறகும் சுற்றிக்கொண்டிருப்பது போல. 2025 பெப்ரவரியில் அது ஞாயிறு, தேவை குறைவு, வெயிலோ நல்ல வெயில். நாட்டின் தேவையில் பெரும்பங்கைச் சூரிய ஒளி கொடுத்துக்கொண்டிருந்தது, சுழலும் பெரிய இயந்திரங்கள் குறைவாகவே ஓடின. உந்தம் குறைந்ததால் சமநிலை குலைந்தபோது தாங்க முடியவில்லை என்று மின்சார சபை விளக்கியது. கரண்ட் அன்றே திரும்பியது. ஆனால் வெட்டிக்கொண்ட நுரைச்சோலையின் மூன்று 300 மெகாவாட் இயந்திரங்களும் எழுந்து நிற்க நாட்கள் எடுத்தன, அதனால் அடுத்த நாட்களிலும் மின்வெட்டு வந்தது. அந்த வருடம் சித்திரைப் புத்தாண்டு விடுமுறையில் கூரைச் சூரியப் பலகை வைத்திருப்போரைப் பகலில் அவற்றை நிறுத்தி வைக்கும்படி சபை கேட்டது நினைவிருக்கும். சிலர் அதைச் சூரிய மின்சாரத்துக்கு எதிரான சதி என்றார்கள். நான் அப்படி நினைக்கவில்லை. அதே நேரம், பலகையை நிறுத்துவது நிரந்தரத் தீர்வும் அல்ல. பெரிய பற்றரிகளையும், உந்தத்தைப் போல நடந்துகொள்ளும் இன்வேட்டர்களையும் (பலகையின் மின்சாரத்தை வீட்டுக்கும் வீதிக்கும் ஏற்றதாக மாற்றும் கருவி) வலையமைப்பில் சேர்ப்பதற்கு இன்னும் விரைவாகச் செலவு செய்ய வேண்டும் என்பது என் உறுதியான கருத்து.

பலர் கேட்கும் கேள்வி ஒன்று: கூரையில் சூரியப் பலகை இருக்கிறது, வெயிலும் இருக்கிறது, சபை கரண்ட் போனால் என் வீட்டிலும் ஏன் போகிறது? பற்றரி இல்லாத சாதாரண இன்வேட்டர் வெளியே கரண்ட் போனதும் தன்னை நிறுத்திக்கொள்ள வேண்டும் என்பது விதி. கம்பத்தில் ஏறி வேலை செய்பவர் லைன் செத்துவிட்டது என்று நம்பிக் கை வைக்கும்போது, உங்கள் கூரை அதை உயிர்ப்பித்துக்கொண்டிருக்கக் கூடாது.

இனி வீட்டுச் சுவருக்கு வருவோம்.

புறக்கோட்டை, கொட்டாஞ்சேனைப் பக்கம் பழைய கட்டடங்களில் பீங்கான் பியூஸ் கட்டைகளை இன்னும் பார்க்கலாம். பியூஸ் எரிந்தால் கையில் கிடைத்த செப்புக்கம்பியைச் சுற்றி மாட்டிவிடும் பழக்கமும் இன்னும் போகவில்லை. முறையான வயரைப் போட்டாலே 15 அம்பியர் பியூஸ் 15ஐத் தாண்டியதும் எரியாது, இரு மடங்குக்குக் கிட்ட வர வேண்டும். செப்புக்கம்பியைச் சுற்றினால் பியூஸ் எரிவதற்கு முன் சுவருக்குள் உள்ள வயர் எரியும். இது பலருக்குத் தெரிந்த ஆபத்து. தெரியாத ஆபத்து இதைவிடப் பெரியது. எல்லாம் சரியாகப் போட்ட பியூசும் பிரேக்கரும்கூட மனிதரைக் காப்பாற்றுவதற்காக வைத்தவை அல்ல. அவை வயரைக் காப்பாற்ற வைத்தவை.

கணக்கைப் பாருங்கள். இலங்கையில் வீதியிலிருந்து கரண்ட் எடுக்கும் சாதாரண வீட்டுக்கு ஏர்த் வெளியிலிருந்து வருவதில்லை. வீட்டுக்காரரே முற்றத்தில் ஒரு ஏர்த் கம்பியை இறக்க வேண்டும். அந்தக் கம்பிக்கும் மண்ணுக்கும் இடையிலான தடை 20 ஓம், ட்ரான்ஸ்போமரடியில் உள்ள ஏர்த்தின் தடை 3 ஓம் என்று வைப்போம். சலவை இயந்திரத்தின் உள்ளே உறை பிய்ந்து லைவ் வயர் உடம்பில் படுகிறது. மண் வழியாக ஓடும் மின்னோட்டம் 230ஐ 23ஆல் வகுத்தால் 10 அம்பியர். 15 அம்பியர் பியூஸ் அசையவே அசையாது. எத்தனை நாள் என்றாலும் அசையாது. சலவை இயந்திரத்தின் உடம்பில் 200 வோல்ட் அப்படியே நிற்கும். ஈரக் கையோடு யார் தொடப் போகிறார் என்பதுதான் மிச்சம். மனித இதயத்தைக் குலைக்க ஓர் அம்பியரில் நூறில் சில பங்கு சில நொடி ஓடினால் போதும்.

இந்த இடைவெளியை மூடுவது ட்ரிப் சுவிட்ச். கோயில் மண்டபத்துக் கணக்கு ஞாபகம் இருக்கிறதல்லவா? லைவும் நியூட்ரலும் ஒரே வளையத்துக்குள் போகின்றன. வீட்டுக்குள் போனதும் திரும்பி வந்ததும் சமமானால் வளையம் அமைதி. 30 மில்லி அம்பியர் குறைந்தாலும், அது யாருடைய உடம்பு வழியாகவோ சுவர் வழியாகவோ மண்ணுக்குப் போகிறது என்று பொருள், உடனே வெட்டும். நியமப்படி 30 மில்லி அம்பியருக்கு 0.3 நொடிக்குள், அதன் ஐந்து மடங்குக்கு 0.04 நொடிக்குள். உபமின்நிலையத்தில் ட்ரான்ஸ்போமரைக் காக்கும் அதே தத்துவம் இங்கே ஓர் ஆளைக் காக்கிறது. ஒரு கையில் லைவையும் மறு கையில் நியூட்ரலையும் பிடித்தால் மட்டும் கணக்கு ஒத்துப் போகும், அதனால் காப்பாற்றாது. பாரம் கூடினாலும் அது வெட்டாது, அதற்குச் சாதாரண பிரேக்கர்தான் வேண்டும். இரண்டும் தேவை.

மழைகாலத்தில் 'ட்ரிப் சுவிட்ச் அடிக்கடி விழுகிறது' என்ற முறைப்பாடு வராத வாரமே இல்லை. கடற்காற்றில் பல்கனி ப்ளக்குகளில் உப்புப் படியும், ஈரம் பட்டால் ஒழுகும். பழைய சுடுநீர் ஹீட்டரின் கம்பிச் சுருளில் வெடிப்பு வரும். ஒவ்வொன்றாகக் கழற்றிப் பார்த்துக் குற்றவாளியைப் பிடிக்க அரை நாள் போகும். அந்த அரை நாளைச் சேமிக்கச் சிலர் ட்ரிப் சுவிட்சையே சுற்றி நேரடியாக வயர் கொடுத்துவிட்டுப் போகிறார்கள். இதைக் கண்டால் எனக்கு ஆத்திரம் தாங்காது. அழும் பிள்ளையின் வாயைப் பொத்திவிட்டு 'பிள்ளை சமத்து' என்று சொல்வது போன்ற வேலை அது.

ட்ரிப் சுவிட்சில் 'டீ' என்ற எழுத்தோடு ஒரு சின்னப் பொத்தான் இருக்கும். அதை அழுத்தினால் உள்ளே செயற்கையாக ஓர் ஒழுக்கை உண்டாக்கும், சுவிட்ச் விழ வேண்டும். பல வருடம் அசையாமல் இருந்தால் உள்ளே உள்ள சிறு பொறி இறுகிப்போகும். அதனால் குறைந்தது ஆறு மாதத்துக்கு ஒரு தடவை அழுத்திப் பார்க்க வேண்டும்.

போன வருடம் வெள்ளவத்தையில் எங்கள் மாமி வீட்டுக்குப் போயிருந்தபோது கதவுக்குப் பின்னால் இருந்த அந்தப் பெட்டியைத் திறந்து பொத்தானை அழுத்தினேன். ஃபேன் சுற்றிக்கொண்டே இருந்தது. மறுபடி அழுத்தினேன். ஒன்றும் நடக்கவில்லை.

"பாத்தியே தம்பி, ஒண்டும் ஆகேல்ல. நல்லாத்தானே வேலை செய்யுது" என்றார் மாமி.

மறுநாள் காலை புதியது வாங்கிப் போய்ப் பூட்டினேன். எல்லாம் முடித்து மெயினைப் போட்டு, பொத்தானை அழுத்தினேன். 'டக்' என்றது. ஃபேன் மெல்ல நின்றது, குளிர்சாதனப் பெட்டியின் முனகல் அடங்கியது. குசினியிலிருந்து மாமியின் குரல் வந்தது:

"தம்பி, கரண்ட் போட்டுதோ?"